கிரில் இல்லாத பால்கனி

ஏழு பக்கம். பக்கத்துக்கு இரண்டு ரூபாய்.
ஐந்து ரோடு ஜெராக்ஸ் கடைப் பையன்
ஸ்டேப்ளர் அடித்துக் கொடுத்தான்.
"எக்ஸாம் டைம்டேபிளா அக்கா?"
ஆமாம் என்றேன்.

ஸ்கேன் சென்டரில் நாள் முழுக்க
அடுத்தவர் பில்லைக் கூட்டுகிறவள் நான்.
என்னுடையதை மூன்று வருடமாகக் கூட்டவில்லை.
ஐந்தாம் தேதி குறுஞ்செய்தி வரும்:
இருபத்தோராயிரத்து அறுநூற்றுத் தொண்ணூற்றாறு.
போனது தெரியும்.
எங்கே போனது என்பது
இன்றுதான் அச்சாகிக் கையில் இருக்கிறது.

முதல் மாதம்
வட்டிக்குப் பதினேழாயிரத்து எழுநூற்றெட்டு.
அசலுக்கு மூவாயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்தெட்டு.
இரண்டு பத்தியும் இடம் மாறி அச்சாகிவிட்டது
என்றுதான் நினைத்தேன்.
மாறவில்லை.

பால் காய்ச்சிய அன்று
வந்தவர்களிடமெல்லாம் மாதேசன்
"இருபத்தஞ்சு லட்சம் லோன்" என்றான்,
தானே சம்பாதித்த மாதிரி.
ஐம்பத்திரண்டு லட்சம் என்று யாரும் சொல்லவில்லை,
நாற்பத்தேழு இடத்தில் கையெழுத்து வாங்கிய
அந்த நல்ல மனிதர் உட்பட.
முப்பதாவது கையெழுத்துக்கு மேல்
என் பெயர் எனக்கே
வேறு யாருடையதோ போலிருந்தது.

முப்பத்தாறு தவணை.
ஏழு லட்சத்து எண்பத்தோராயிரம்.
அசல் கரைந்தது ஒன்று அறுபத்திரண்டு.
வீட்டைச் சுற்றி வந்து பிரித்துப் பார்த்தேன்.
குளியலறை எங்களுடையது,
கீசர் நீங்கலாக.
சமையலறை இன்னும் வங்கியுடையது.
தினமும் வங்கிக்குத்தான் ரசம் வைக்கிறேன்.

இருட்டியதும் கண்ணங்குறிச்சியிலிருந்து பார்த்தால்
ஏற்காட்டுக்கு வண்டிகள் ஏறுவது தெரியும்.
இருபது கொண்டை ஊசி வளைவு.
முதல் நாலைந்தில் எஞ்சின் முக்கும், கை வலிக்கும்,
திரும்பிப் பார்த்தால்
சேலம் பக்கத்திலேயே நிற்கும்.
ஆனாலும் வளைவுக்கு வளைவு
எண் எழுதிய பலகை உண்டு.
பாதி மலையில் ஒருவன் வந்து
இனி இருபத்து மூன்று என்று
திருத்தி எழுதுவதில்லை.

எங்களுக்கு எழுதினார்கள்.
எட்டரை வட்டி ஒன்பதரை ஆனது.
"தவணைத் தொகையில் மாற்றமில்லை" என்று செய்தி.
உண்மைதான், மாறவில்லை.
ஏழாம் பக்கத்தில்
முப்பத்தொன்பது மாதம் வந்து உட்கார்ந்திருந்தது,
சொல்லாமல் வந்த விருந்தாளி
செருப்பைக்கூட சத்தமில்லாமல் கழற்றியதுபோல.

கடைசி வரிசையில் மாதேசனுக்கு ஐம்பத்தொன்பது வயது.
சின்னவளுக்கு அப்போது
சொந்தமாகவே ஒரு கடன் இருக்கும்.

தீபாவளி போனஸ் அறுபதாயிரம்.
பால்கனிக்கு கிரில் என்று பேசி வைத்திருந்தோம்.
மலையிலிருந்து குரங்கு வருகிறது;
தக்காளி, சோப்பு,
ஒருமுறை மாதேசனின் புது பனியன்.
வெல்டர் சாதிக் அளவெடுத்துப் போயாயிற்று.

அதை அசலில் போட்டால்?
தட்டிப் பார்த்தேன்.
வால் பக்கத்திலிருந்து பதினேழு மாதம் உதிர்ந்தது.
திரும்பத் தட்டினேன். பதினேழுதான்.

மாதேசன் கால்குலேட்டரை வாங்கி
கவிழ்த்துக்கூடப் பார்த்தான்.
"அப்போ நான் போன வருசம்
பைக்கு மாத்துனது..." என்று இழுத்தான்.
முடிக்கவில்லை.
நானும் முடிக்க விடவில்லை,
அடுத்தது என் வளையல் என்று தெரியும்.

கட்டிவிட்டு வந்தோம்.
"தவணையைக் குறைக்கவா மேடம், மாசத்தையா?"
கவுன்ட்டர் பெண் கேட்டாள்.
இந்தக் கேள்வியை மட்டும்
முன்பே கேட்டிருக்கலாம் யாராவது.
மாசத்தை என்று எழுதிக் கொடுத்தேன்,
இந்தமுறை ஒரே கையெழுத்து.

இன்று காலை பால்கனிச் சுவரில் ஒரு குரங்கு,
வயிற்றைப் பிடித்தபடி குட்டி.
தக்காளியின் விதை தாடையில் வழிய
என்னையே பார்த்தது.
விரட்ட வந்தவள் நின்றுவிட்டேன்.
பால்கனி எங்கள் பங்குக்கு வர
இன்னும் எட்டு வருடமாவது ஆகும்.
அதுவரை அதுவும்தான் இருக்கட்டுமே.

பிறகு அது சோப்பை எடுத்தது.
நான் விளக்குமாற்றை எடுத்தேன்.